ராகி மாவு

அரூர்,
செவ்வாய்க்கிழமை.

மகன் ஜபருல்லாவுக்கு அத்தா எழுதுவது. அஸ்ஸலாமு அலைக்கும். இங்கே நானும் அம்மாவும் அல்லாஹ் கிருபையில் இருக்கிறோம். அவளுக்கு முட்டிவலி, எனக்கு நீ. நீ சுகமா என்று கேட்கவில்லை. உன் புது பைக்கை மாதேஸ்வரன் போட்டோ எடுத்து வந்து காட்டினான். அதிலேயே தெரிந்தது.

போன் இருக்கக் கடிதம் எதற்கு என்பாய். கூப்பிட்டால் கடையில் கஸ்டமர் என்று வைத்துவிடுகிறாய். வாட்ஸ்அப்பில் பேசி அனுப்பினால் கேட்காமலே கட்டைவிரல் போடுகிறாய். அதனால்தான் பெங்களூருக்குப் புளி ஏற்றிவரும் மாதேஸ்வரனிடம் இதைக் கொடுத்தேன். நீ முழுதும் படிக்கிற வரைக்கும் உன் கடை வாசலைவிட்டு லாரியை எடுக்காதே என்று சொல்லியிருக்கிறேன். ஹாரன் அடித்தால் அவனைத் திட்டாதே, சீக்கிரம் படி.

விஷயம் உன் பெண்டாட்டி ரமீஜா. பெங்களூரில் வூடு பார்த்ததும் கூட்டிப்போகிறேன் என்று பாப்பிரெட்டிப்பட்டியில் வாடகை வூட்டில் அவளை வைத்தவன் நீ. அங்கே ஸ்கூலில் டீச்சர் வேலை கிடைத்ததும் அவள் செலவுக்கு அனுப்புவதை நிறுத்தினவனும் நீ. கேட்டதற்கு, அவளும்தான் சம்பாதிக்கிறாள், அவங்கவங்க செலவை அவங்கவங்க பார்க்கட்டும் என்றாய். பையன் தொழிலில் நிமிரட்டும், அதுவரை நாம் ஓட்டுவோம் என்று நான் ஒரு வேலை செய்தேன். மாதாமாதம் அரிசி, பருப்பு, எண்ணெய் கட்டிக்கொண்டு போய், ஜபருல்லா அனுப்பச் சொன்னான் என்று இறக்கினேன். நம்பித்தான் வாங்கிக்கொண்டாள்.

போன மாதம் புத்திகெட்டு அதில் ராகி மாவும் வைத்துவிட்டேன். அவள் பென்னாகரத்துப் பெண். நோன்புக்கு நம் வூட்டில் இருந்தபோது விடியுமுன் சகர் நேரத்தில் களி கிண்டித் தின்றதைப் பார்த்திருக்கிறேன். நீ மூக்கைப் பிடித்துக்கொண்டு எழுந்து போனதையும் பார்த்திருக்கிறேன். மாவைப் பிரித்ததும் அவள் முகம் மாறிவிட்டது.

"இது அவரு சொல்லி வந்ததில்லைங்க மாமா. அவருக்கு நான் களி திங்கறதே ஆகாது" என்றாள்.

மூட்டையை அப்படியே என் வண்டியில் ஏற்றிவிட்டாள். நான் உனக்குத் தகப்பன் மாதிரி இல்லையா என்று அதட்டினேன். அதற்கு அவள், "நீங்க குடுத்தா அது தர்மமுங்க மாமா. அவரு குடுத்தாத்தான் என் சோறு. நான் வேலைய வுட்டுட்டா அவருக்குக் கடமை வருமான்னு கேட்டுச் சொல்லுங்க" என்றாள்.

பள்ளிவாசலில் ஹஜ்ரத்திடம் கேட்டேன். பெண்டாட்டி எவ்வளவு வசதியாக இருந்தாலும் அவள் சோறு, துணி, இருக்க இடம் மூன்றும் புருஷன் பொறுப்பு, அவள் சம்பளம் அவளுடையது, அவளாக மனமுவந்து கொடுத்தால் தவிர நீ கைவைக்க முடியாது என்றார். புதிதாக ஒன்றும் சொல்லவில்லை. நிக்காஹ் அன்றே இதற்குத்தான் தலையாட்டினாய். அன்றைக்குப் பிரியாணிமேல் இருந்த கவனம் இதன்மேல் இல்லை போலிருக்கிறது.

எனக்குப் பிறகு மனை யார் யாருக்கு என்று பேசினபோது மட்டும் உனக்கு மார்க்கம் நன்றாக ஞாபகம் இருந்தது. தங்கச்சிக்கு ஒரு பங்கு என்றால் எனக்கு ரெண்டு என்று கறாராக நின்றாய். எதற்கப்பா அந்த ரெண்டு? ஆம்பளை பெண்டாட்டி பிள்ளைகளைத் தாங்குகிறவன் என்றுதானே? வரவுக்கு மார்க்கம், செலவுக்கு இந்தக் காலமா?

நான் புளிய மரங்களைக் குத்தகைக்கு எடுக்கிறேன். மரத்துக்காரன் பிள்ளைக்குச் சர்க்கார் வேலை கிடைத்துவிட்டது என்று நான் குத்தகைப் பணத்தை நிறுத்தினால் என்னை யாராவது தோப்புக்குள் விடுவார்களா? இந்த இடத்தை உன் அம்மா படித்துவிட்டு, பொண்டாட்டின்னா உங்களுக்கு மரமா என்று கேட்டாள். மரத்துக்குக் கொடுக்கிற மரியாதையையாவது கொடு என்றுதான் சொல்கிறேன்.

இப்போது கேள். வருகிற வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்ததும் நம் ஜமாஅத்தில் ரமீஜா மனு கொடுக்கப் போகிறாள். செலவுக்குக் கேட்டு இல்லை, பிரித்துவிடச் சொல்லி. ஹஜ்ரத் சொன்னதை நான் போய்ச் சொன்னதும், கடமையைக் கேட்டு வாங்கித்தான் சாப்பிட வேண்டுமென்றால் அந்தச் சோறே வேண்டாம் என்றுவிட்டாள். கமிட்டியில் நானும் உட்கார்ந்திருக்கிறேன். நம் அத்தாவாயிற்றே, சமாளித்துவிடுவார் என்று இருந்துவிடாதே. அவள் பக்கம்தான் பேசுவேன். பேசிவிட்டு வூட்டுக்கு வந்து எப்படிச் சாப்பிடுவேன் என்று தெரியவில்லை.

அதற்கு முன்னால் வந்து சேர். அம்மா உனக்காகக் கறி எடுக்கவா என்று கேட்டாள், வேண்டாம் என்றுவிட்டேன். நேரே பாப்பிரெட்டிப்பட்டி போ. நான் எழுதிவிட்டேன் என்பதற்காக ராகி மாவைத் தூக்கிக்கொண்டு போய் நிற்காதே, அடுத்த நிமிஷமே கண்டுபிடித்துவிடுவாள். வெறுங்கையோடு போ. என்ன வேண்டும் என்று அவளிடமே கேள். சந்தைப் பையை நீயே தூக்கு. திரும்பி வந்ததும் அவள் களி கிண்டிப் போட்டால், மூக்கைப் பிடிக்காமல் உட்கார்ந்து தின்னு.

அந்தக் களி உன் தட்டில் விழ அல்லாஹ் கிருபை செய்யட்டும். ஐந்து வேளையும் இதைத்தான் கேட்கிறேன்.

உன் அத்தா,
அப்துல் வஹாப்