ஞானேந்திரன் அண்ணைக்கு ஒரு கல்வெட்டு

மார்ச் 6, 2025, வியாழன்

இன்றும் ஒரு கல்வெட்டு எழுதி அச்சகத்துக்கு அனுப்பினேன். செத்தவர் மனைவியை முப்பது வருடம் அடித்தவர். கோட்-டெ-நெய்ஜில் அவர்கள் குடியிருந்த கட்டடத்தில் எல்லோருக்கும் தெரியும். 'இல்லறத்தை நல்லறமாக நடத்தியவர்' என்று எழுதிக் கொடுத்தேன். முப்பத்தோராம் நாள் சடங்கு முடிய, படம், தேவாரம், வாழ்க்கை வரலாறு எல்லாம் போட்ட அந்தக் கல்வெட்டுப் புத்தகத்தை மண்டபத்தில் கொடுப்பார்கள். எழுதினவன் எழும்பி நின்று வாசிக்க வேண்டும். நானும் குரலை நடுங்க வைத்து வாசிப்பேன். அடி வாங்கின மனுசியும் அழுவா.

ஆஸ்பத்திரியில் நிலம் துடைத்து ஓய்வு பெற்ற இந்தக் குணரத்தினத்துக்கு மொன்றியல் தமிழர் கொடுத்த பட்டம் 'கல்வெட்டுக் குணம்'. நிலம் துடைத்த காலத்தில் கை மட்டும்தான் நாறியது.

மார்ச் 8, சனி

ஊரிலிருந்தே என் தோழர், ஞானேந்திரன் அண்ணை இன்று விடியச் செத்துப்போனார். நித்திரையில். வேறொன்றும் எழுத வரவில்லை.

மார்ச் 13, வியாழன்

நேற்று எரித்தாயிற்று. இன்று பியர்பொன்ட்ஸில் அண்ணை வீட்டுக்குப் போனேன். அவர் மனுசி கௌரி அக்கா கேட்டா: "தம்பி, அவருக்குக் கல்வெட்டு நீர்தான் எழுத வேணும். அவரை உம்மைப்போல ஆருக்குத் தெரியும்?"

ஓம் என்றேன். வேறு என்ன சொல்ல?

நிலவறையில் அவருடைய புத்தகங்களைப் பார்த்தேன். நாலு தட்டு. எல்லாம் அயர்லாந்து. டப்ளின் தொழிலாளரை முதலாளிகள் வெளியே போட்டுப் பூட்டினது, 1916 ஈஸ்டர் எழுச்சி, காயப்பட்ட தொழிற்சங்கத் தலைவரைக் கதிரையில் இருத்திச் சுட்டது, பிறகு சுதந்திரம் என்று ஒன்று வந்ததும் தோழனைத் தோழனே சுவரோடு நிறுத்திச் சுட்டது. டவுன்டவுனில் ஒரு சாப்பாட்டுக்கடைக் குசினியில் இருபத்திரண்டு வருடம் கோப்பை கழுவின மனுசன். இடைவேளையில் பழைய புத்தகக் கடைக்கு ஓடி, ஏப்ரனோடு நின்று வாங்கினவை. நீராவி பட்டுப் பக்கங்கள் ஊதிப்போய் இருக்கின்றன. ஓரமெல்லாம் தமிழில் குறிப்பு.

"எங்கடை கதையை அவங்கள் முதலே எழுதி வைச்சிட்டாங்கள், குணம். நாங்கள்தான் வாசிக்கேல்லை" என்பார். நான் தலையாட்டுவேன். நாற்பது வருடம் தலையாட்டினேன், ஒன்றையும் வாசிக்கவில்லை.

மார்ச் 15, சனி

அண்ணையின் மகள் கஜந்தினி ஒரு பெட்டி புத்தகத்தை மறுசுழற்சித் தொட்டிக்குப் பக்கத்தில் கொண்டுபோய் வைத்திருக்கிறாள். "நூலகத்திலை கேட்டனான் மாமா, வேண்டாமாம். எழுதிக் கிறுக்கினது எடுக்க மாட்டினமாம்." பெட்டியில் ஈரப்பனி. முதுகு நோகத் திருப்பித் தூக்கி உள்ளே வைத்தேன். அவளில் கோபம் வந்தது. அவளுக்குத் தகப்பன் ஒன்றும் சொல்லாமல் வளர்த்ததை நினைக்க அந்தக் கோபமும் நிற்கவில்லை.

மார்ச் 16, ஞாயிறு

டவுன்டவுனில் அயர்லாந்துக்காரரின் ஊர்வலம். வருடாவருடம் அண்ணையோடு போவேன், இன்று தனியாகப் போனேன். பச்சைத் தொப்பி, பச்சைத் தலைமயிர், காலை பதினொரு மணிக்கே நடைபாதையில் வாந்தி. பட்டினியில் கப்பலேறி வந்து இந்த ஆற்றங்கரையில் காய்ச்சலில் செத்த ஆயிரக்கணக்கான பேரைப் பாலத்தடியில் ஒரு கறுப்புக் கல்லுக்குக் கீழே வைத்துவிட்டு, இஞ்சை குடிச்சுக் கூத்தாடுகினம். "செத்தவனைக் கொண்டாட்டம் ஆக்கினால் அவன் என்ன கேட்டவன் எண்டது மறந்துபோகும்" என்று அண்ணை சொல்லுவார்.

எங்கள் மண்டபங்களும் நினைவுக்கு வந்தன. அங்கே பியர் இல்லை, வடை.

மார்ச் 19, புதன்

தமிழ்ச் சங்கச் செயலாளர் நகுலேஸ்வரன் தொலைபேசியில்.

"குணம் அண்ணை, அட்டையிலை இயக்கம் குடுக்கிற 'நாட்டுப்பற்றாளர்' பட்டத்தைப் போடுவம். சங்கம் மலர்வளையம் வைக்கும்."

"அவர் உங்கடை சங்கத்துக்கு ஒருநாளும் வரேல்லையே."

"இப்ப வரப்போறாரே? நாங்கள் குடுக்கிறம், நீங்கள் வேண்டாம் எண்டுறியள். அதோடை, அவரைப் பிடிச்சு வைச்சிருந்த கதையெல்லாம் எழுதாதேங்கோ. அயர்லாந்துக்காரனும் எங்களை மாதிரிப் போராடினவன், அதை விரும்பிப் படிச்சவர். அது காணும்."

உயிரோடு இருக்கும்போது கோப்பை கழுவுகிறவன் என்று அவருக்குக் கதிரை கொடுக்காதவர்கள். செத்தபிறகு பட்டம். தூ.

மார்ச் 23, ஞாயிறு

எழுதிவிட்டேன். முதல் தரமாக உள்ளதை எழுதினேன். 'சிவபதம் அடைந்தார்' இல்லை, அவர் சிவனை நம்பவில்லை, 'இறந்தார்' என்றே போட்டேன்.

1986இல் யாழ்ப்பாணத்தில் எங்கள் வாசகர் வட்டத்துக்காக அவர் 'அயர்லாந்தில் நடந்தது' என்று நாலு பக்கம் எழுதினார். ரோணியோ மெசினில் பிரதி அடித்து இரவலாகக் கை மாறியது. கொடி மாறினது, வீட்டுக்காரனும் வாடகையும் மாறவில்லை. கொடியை ஏற்றினவர்களே கேள்வி கேட்ட தோழர்களைச் சுட்டார்கள். நாங்கள் எந்தப் பாதையில் போகிறோம் என்று பாருங்கள். இவ்வளவுதான் கட்டுரை. பெயர் போடவில்லை. மூன்றாம் கிழமை இயக்கப் பெடியள் வந்து அவரைக் கொண்டுபோனார்கள். நாற்பத்தேழு நாள். திரும்பி வரும்போது இடது காது கேட்காது.

எல்லாம் எழுதினேன். கட்டுரை பெயரில்லாமல் வந்தது, 'யாரோ காட்டிக்கொடுத்ததால்' பிடிபட்டார் என்று எழுதினேன். நல்ல தமிழ்.

மார்ச் 26, புதன்

நகுலேஸ்வரன் பியர்பொன்ட்ஸுக்கே வந்துவிட்டார். கௌரி அக்காவிடம் குழைந்து குழைந்து கதைத்தார். பழசுகளைக் கிளறினால் சனம் பிரியும், ஐயாவின் ஆத்மா சாந்தியடையாது.

கௌரி அக்கா குரலை உயர்த்தவில்லை. "நாப்பத்தேழு நாளும் அந்தக் காம்ப் வாசலிலை சோத்துப் பார்சலோடை நிண்டது நான். என்ரை மனுசனை நடந்தபடி எழுதட்டும். மலர்வளையம் வேண்டாம்." பிறகு என் பக்கம் கை நீட்டி, "நாப்பத்தேழு நாளும் சைக்கிளிலை ஏத்திக்கொண்டு போனது இந்தத் தம்பி. அவருக்குத் தெரியும் என்ன எழுத வேணும் எண்டு."

நகுலேஸ்வரன் தேத்தண்ணி குடிக்காமல் போய்விட்டார். வெற்றிதான்.

கஜந்தினி எழுத்துக் கூட்டித் தமிழ் வாசிப்பாள். பிரதியை முழுக்க வாசித்துவிட்டுக் கேட்டாள்: "'யாரோ' எண்டு இருக்கு. ஆர் மாமா அது?"

"தெரியாது பிள்ளை."

மார்ச் 27, வியாழன்

தெரியும். நான்தான்.

அடிக்கவில்லை. துவக்குக் காட்டவில்லை. சந்தித் தேத்தண்ணிக் கடையில் இரண்டு பெடியள் பக்கத்தில் வந்து இருந்தார்கள். ஒருத்தன் எனக்கு ஒரு பிளேன்டீ சொன்னான். "நல்லா எழுதியிருக்கு அண்ணை, ஆர் எழுதினது?" என்று கேட்டான். பாதித் தேத்தண்ணி குடித்திருப்பேன். சொல்லிவிட்டேன். மிச்சத்தையும் குடித்தேன். அதுதான் இன்றைக்கும் அருவருப்பு, மிச்சத்தையும் குடிச்சது.

அன்றிரவே அண்ணையைக் கொண்டுபோனார்கள். அடுத்த நாள் கௌரி அக்கா என் வீட்டு வாசலில் வந்து நின்றா. ஆறு மாத வயிறு, உள்ளே கஜந்தினி. "தம்பி, என்னைக் காம்புக்குக் கூட்டிக்கொண்டு போறீரே?" ஏற்றிக்கொண்டு போனேன். ஒவ்வொரு நாளும். வாசலில் நின்ற பெடியள் என்னைப் பார்த்துச் சிரிப்பார்கள். என்னில் அவர்களுக்கு மரியாதை, அதனால்தான் தன்னை விரட்டவில்லை என்று அக்கா நினைத்தா. அதற்கு இன்றுவரை நன்றி சொல்லுகிறா.

அண்ணைக்குத் தெரியுமா? ஒருமுறை அயர்லாந்தில் ஆள்காட்டிகளைப் பற்றின பக்கம் ஒன்றைத் தமிழில் சொல்லிக் காட்டினார். "எப்பவும் கிட்ட இருக்கிறவன்தான், குணம்" என்றுவிட்டு எனக்குச் சோறு போடச் சொன்னார். தெரிந்து சொன்னாரா, தெரியாமல் சொன்னாரா?

நகுலேஸ்வரனைத் தூ என்று எழுதின கை இது. அவராவது தன் சங்கத்துக்காக மறைக்கிறார்.

ஏப்ரல் 1, செவ்வாய்

அச்சகத்துக்குப் போய் ஒரு வரியை மாற்றினேன். 'பெயர் போடாத அக்கட்டுரையை எழுதியவர் ஞானேந்திரன் என்று இயக்கத்தாருக்குச் சொன்னவன், இதை எழுதும் குணரத்தினம்.' கணினியில் இருந்த பிள்ளைக்குத் தமிழ் தெரியாது. "C'est beau, monsieur?" என்றாள், சரிதானே என்று. ஓம், அச்சடி என்றேன்.

ஏப்ரல் 6, ஞாயிறு

முப்பத்தோராம் நாள் நாளைக்கு. சனத்துக்கு வசதி என்று இன்றே வைத்தார்கள். மண்டபம் நிறைந்திருந்தது. படத்துக்கு முன்னால் நின்று வாசித்தேன். கௌரி அக்கா முன் வரிசையில், கல்வெட்டை மடியில் வைத்துக் குனிந்து இருந்தா. குசினி, புத்தகங்கள், வாசகர் வட்டம், கட்டுரை எல்லாம் வாசித்தேன். அந்த வரி வந்தது.

வாய் தாண்டிவிட்டது. 'நாற்பத்தேழு நாள் தடுத்து வைக்கப்பட்டார்' என்று அடுத்த வரிக்குப் போய்விட்டேன். ஒரு திக்கல் இல்லை. பொய் சொல்லிப் பழகின வாய், வழி தெரிந்து போனது.

ஒருத்தருக்கும் தெரியவில்லை. படம் இருக்கும் பக்கத்தை மட்டும் பார்த்துவிட்டுச் சாப்பிடப் போனார்கள். ஒருவர் கல்வெட்டைக் கதிரையில் விரித்துப் பேரப்பிள்ளையின் பாயசக் கோப்பையை அதில் வைத்தார். நகுலேஸ்வரன்கூடக் கை குலுக்கினார். "உருக்கமா வாசிச்சியள்."

ஏப்ரல் 7, திங்கள்

அச்சில் இருக்கிறதுதானே, வாசித்தால் என்ன விட்டால் என்ன - இப்படியும் ஒரு நியாயம் கண்டுபிடித்திருக்கிறேன். சீ.

ஏப்ரல் 12, சனி

காலையில் கௌரி அக்கா அழைத்தா. "ஒருக்கா வந்திட்டுப் போம்."

கோட்-வெர்த்துவில் மெட்ரோவால் இறங்கி பஸ் எடுத்தேன். அயர்லாந்துப் புத்தகங்கள் நிலவறையில் இல்லை. விறாந்தையில் புதுத் தட்டு வாங்கி அடுக்கியிருந்தார்கள். கஜந்தினி பின்னேரங்களில் ஒவ்வொரு பக்கமாக வாசித்துத் தாய்க்குத் தமிழில் சொல்லுகிறாளாம். எனக்கு அதைச் சொன்னதும் அவளில்லை, அக்காதான். கஜந்தினி படியில் இருந்தாள், என்னைப் பார்க்கவில்லை.

மேசையில் கல்வெட்டு திறந்திருந்தது.

"மண்டபத்திலை ஒரு வரி விட்டனீர். நான் விரல் வைச்சுப் பாத்துக்கொண்டு இருந்தனான்."

"ஓம் அக்கா."

"இப்ப வாசியும்."

வாசித்தேன்.

"இன்னொருக்கா."

வாசித்தேன்.

அக்கா கல்வெட்டை மூடினா. "சைக்கிளிலை நான் உம்மடை முதுகைப் பிடிச்சுக்கொண்டெல்லோ இருந்தனான்" என்றா. "விழுந்திடுவன் எண்டு ஒவ்வொரு நாளும் உம்மடை முதுகைப் பிடிச்சனான்."

மன்னிப்புக் கேட்க வாய் திறந்தேன். அதையும் ஒரு கல்வெட்டு வசனமாகத்தான் சொல்லியிருப்பேன்.

"அவருக்குத் தெரியுமோ?"

"தெரிஞ்சிருக்கும் அக்கா."

"அவரும் எனக்குச் சொல்லேல்லை. நீரும் சொல்லேல்லை. ரெண்டு பேரும் இருந்து அயர்லாந்து கதைச்சியள், நான் சோறு போட்டனான்."

எழும்பி வாசலுக்குப் போனா. முழங்கால் ஏலாத மனுசி, சுவரைப் பிடித்துக் குனிந்து, என் சப்பாத்து இரண்டையும் கதவுப் பக்கம் பார்க்கத் திருப்பி வைத்தா.

வெளியே பனி கரைந்து தெருவெல்லாம் சேறு. பஸ் வர இருபது நிமிடம் இருந்தது, நின்றேன்.