நான்காம் நம்பர் பிரஸ்ஸுக்குச் சந்தனம்

அக்டோபர் 7, செவ்வாய்

ஆயுத பூஜையன்று அவரவர் ஓட்டும் மெஷினுக்கு அவரவரே சந்தனம் வைப்பது எங்கள் அம்பத்தூர் கம்பெனியின் வழக்கம். போன வாரம் செல்வி ஓட்டும் நான்காம் நம்பர் பிரஸ்ஸுக்கு மட்டும் ஃபோர்மேன் வேறொருவனை வைக்கச் சொன்னார். "காலனி ஆளு கை படவேணாம்" என்றாராம். அவள் புகார் எழுதிக் கொடுத்துவிட்டாள்.

விசாரணைக் குழுவில் என்னையும் போட்டார்கள். நானும் காலனிக்காரன். அதற்காகத்தான் போட்டார்கள். எனக்கு வரவேண்டிய நாற்காலியில் உட்கார்ந்திருக்கும் மேனேஜர் இன்று கேட்டார்: "நீங்களே சொல்லுங்க சார். இருபது வருஷமா இருக்கீங்க. இங்க அப்படி ஏதாவது உண்டா?"

செல்வி என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். நான் சேர்ந்த வருஷம் என் கையிலிருந்த சந்தனக் கிண்ணத்தைப் பிடுங்கியதும் இதே ஃபோர்மேன்தான். அன்று எனக்காக ஒருவரும் வாய் திறக்கவில்லை.

"நான் பார்த்ததில்லை" என்றேன்.

வெளியே வந்ததும் செல்வி சொன்னாள்: "இன்னா சார், உங்களுக்கும் அதான நடந்துச்சு? எங்க நைனா அப்போ இங்கதான் வேல பாத்தாரு, சொல்லிகீறாரு. நல்லா இருங்க சார்."

சாயங்காலமே அவளைப் பேக்கிங்குக்கு மாற்றிவிட்டார்கள். நாளையிலிருந்து அந்த பிரஸ்ஸை ஓட்ட ஓர் ஆளின் பெயரை என்னிடம் கேட்டார்கள். எழுதிக் கொடுத்தேன். வீட்டுக்கு வந்தால் ஏதாவது தோன்றும் என்று நினைத்தேன். சாப்பிட்டேன். செய்தி பார்த்தேன். இன்னும் ஒன்றும் தோன்றவில்லை.