என் முகமும் அவள் குரலும்

ஜூன் 3

இன்று டிவி தொடரில் நான் அழுது தீர்க்கும் காட்சி. என் வீட்டுக்காரர் காதைத் தீட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். முடிந்ததும், "நீ எப்போ வருவே?" என்றார். பத்து நிமிஷமாக நான்தானே திரையில் இருந்தேன்!

அவருக்குப் பார்வை போய் எட்டு மாதம். இதை எப்படி யோசிக்காமல் விட்டேன்? முப்பத்தொரு வருடமாக அம்மா, அத்தை, நர்ஸ் என்று நடிக்கிறேன். ஒன்றிலும் என் குரல் இல்லை. முதல் படத்திலேயே கரகரப்பு என்று ஒதுக்கிவிட்டார்கள். அன்றிலிருந்து ஒரே ஒருத்திதான் டப்பிங்கில் எனக்காகப் பேசுகிறாள். இனி அவருக்கு நான் எந்தப் படத்திலும் இல்லை.

ஜூன் 4

ஒரே ஒரு தடவை என் சொந்தக் குரலை அவர் படத்தில் கேட்க வேண்டும். அது போதும் எனக்கு.

ஜூன் 11

போன மாதம் நடித்துக் கொடுத்த படத்தின் இயக்குநரிடம் போனேன். என் பிள்ளை வயசு. "உங்க குரலாக்கா? ஜனங்க வேற யாரோன்னு நினைச்சுப்பாங்களே" என்றார். காரணத்தைச் சொன்னேன். "நாலு வரிதானே, பேசுங்க" என்றார்.

தலைகால் புரியவில்லை. வீட்டுக்கு வந்த பிறகுதான் உறைத்தது — அவளிடம் யார் சொல்வது?

ஜூன் 20

டப்பிங். மானமே போயிற்று. அவள் பேசிக்கொள்வாள் என்ற தைரியத்தில், வசனம் மறந்தால் படப்பிடிப்பில் வாய்க்கு வந்ததை முணுமுணுப்பது என் வழக்கம். கண்ணில் மட்டும் நடிப்பு பிசகாது. இப்போது திரையில் என் உதடு "அரிசி, சோப்பு, மாத்திரை" என்கிறது. வசனம் அதில் எங்கே உட்காரும்? எட்டுத் தடவை தப்பு.

கதவைத் திறந்துகொண்டு அவளே வந்தாள். இயக்குநர் கூப்பிட்டிருக்கிறார், எனக்குப் பதிலாகப் பேச. செத்தேன் என்று நினைத்தேன். உதட்டைப் பார்த்ததும் சிரித்துவிட்டாள். "முப்பது வருஷமா உன் மளிகை லிஸ்டுக்குத்தான்டி நான் அழுதுட்டிருக்கேன்."

மைக்கை என் பக்கமே தள்ளினாள். எங்கே இழுக்க வேண்டும், எங்கே விழுங்க வேண்டும் என்று முதுகில் தட்டித் தட்டிக் காட்டினாள். நாலு வரியும் உட்கார்ந்தது. "நல்லாத்தான்டி இருக்கு உன் குரல். இத்தனை நாள் யாருக்கும் தெரியாம இருந்ததால என் பொழப்பு ஓடிச்சு" என்றாள். அழுதுவிட்டேன்.

செப்டம்பர் 14

படம் வந்துவிட்டது. ஒன்றும் சொல்லாமல் அவரைக் கூட்டிப் போனேன். திரையில் நான் கதவைத் திறந்து, மகளிடம், "ஏன் இவ்வளவு நேரம்? சாப்பிட்டாச்சா?" என்கிறேன்.

"ஆச்சு, நீ சாப்பிடு" என்றார் இவர், என் பக்கம் திரும்பி, சத்தமாக. முன்வரிசையில் சிரித்தார்கள். நான் வாயையே திறக்கவில்லை.

அவர் முகம் மெல்லத் திரைப் பக்கம் போனது. படம் முடிகிறவரை என் பக்கம் திரும்பவே இல்லை.