சுருதி சேராத சனிக்கிழமைகள்

மன்னி,

சனிக்கிழமை சாயங்காலம் அப்பளம் பொரித்தேன். சாலைக் கடைத்தெருவில் புதிதாக ஆட்டிய தேங்காயெண்ணெய் வாங்கி வந்திருந்தேன். முதல் அப்பளம் விரிந்து அந்த வாசனை கூடத்துக்குப் போனதும் என் கை தானாக ரிமோட்டைத் தேடியது. டி.வி.யில் பாட்டுப் போட்டியின் புது சீசன் தொடங்கியிருக்கிறது. அதுவும் ஆடிஷன் வாரம். நீ இருந்திருந்தால் ராத்திரிச் சமையலை மத்தியானமே முடித்துவிட்டு, கொண்டையை இறுக்கி முடிந்துகொண்டு தயாராக உட்கார்ந்திருப்பாய்.

முதலில் வந்தவன் ஆஜானுபாகுவாக இருந்தான். கண்ணை மூடிக்கொண்டான், கையை நெஞ்சில் வைத்தான், எடுத்த எடுப்பிலேயே உச்சிக்குப் போய்விட்டான். சரணம் வந்தபோது மேலே போக இடமில்லை, கீழே இறங்கவும் வழி தெரியவில்லை. தென்னை மரத்தில் ஏறிவிட்டு முழிக்கிறவன் மாதிரி அங்கேயே நின்று கத்தினான். நான் சிரிப்பை அடக்கிக்கொண்டு உன் பக்கம் திரும்பினேன். உன் நாற்காலியில் மடிக்காத துணிகள் இருந்தன. அப்பளத்தை நானே தின்று தீர்த்தேன். சிரிக்க ஆள் இல்லாமல் அந்த நிகழ்ச்சியைப் பார்ப்பது எனக்குப் பழக்கமில்லை. அதனால்தான் உனக்கு எழுத உட்கார்ந்திருக்கிறேன்.

நீ, வா, போ என்று எழுதுவதை வேறு யாராவது படித்தால், அண்ணன் பெண்டாட்டியிடம் மரியாதை தெரியாத நாத்தனார் என்பார்கள். கல்யாணமாகி, இந்த மலையாளத்து ஊருக்கு வந்து, தம்பானூரில் ரயிலை விட்டு இறங்கி, நம் ஸ்ரீவராகத்து வீட்டுக்குள் நுழைந்த அன்றைக்கே நீதான் சொன்னாய்: "நீங்கோ நாங்கோ எல்லாம் பெரியவாளுக்கு. என்னை நீன்னே சொல்லுடி." எனக்கு அப்போது பன்னிரண்டு வயது. அப்புறம் எனக்குக் கல்யாணம் கூடிவரவில்லை. நானும் அதைப் பெரிதாகத் தேடவில்லை. ஆபீஸ், வீடு, நீ என்று சௌகரியமாகவே காலம் போயிற்று.

உனக்கு மலையாளம் வரவே இல்லை. மீதிச் சில்லறை கேட்கவும், கீரை வாடியிருக்கிறது என்று சண்டை போடவும் எவ்வளவு வேண்டுமோ அவ்வளவு வந்தது. அதோடு நின்றுகொண்டது. முதன்முதலில் நாம் அந்தப் போட்டியைப் பார்த்த நாள் ஞாபகமிருக்கிறதா? ஒரு சின்னப் பெண் பிரமாதமாகப் பாடி முடித்தாள். நடுவர் துள்ளி எழுந்து, "மோளே, தகர்த்து!" என்று கத்தினார். அந்தக் குழந்தை ஓவென்று அழுதது. உனக்கு வந்ததே கோபம்.

"நன்னாத்தானேடி பாடித்து? கொழந்தையை நிக்க வெச்சு, பாட்டை ஒடச்சு நொறுக்கிட்டேன்னு மூஞ்சிக்கு நேர சொல்றானே, கட்டேல போறவன்!"

"ஐயோ மன்னி, அது பாராட்டாக்கும். தகர்த்துன்னா இங்கே பிரமாதம்னு அர்த்தம். அவ சந்தோஷத்துல அழறா."

"ஒடச்சா பிரமாதமா? என்ன ஊர்டி இது!"

அதிலிருந்து அந்த வார்த்தை நம் வீட்டோடு வந்துவிட்டது. நன்றாகப் பாடினவர்களுக்கு அவர்கள் அர்த்தத்தில் சொன்னோம், மோசமாகப் பாடினவர்களுக்கு நம் அர்த்தத்தில். உன் வெண்பொங்கல் ஒருநாள் அடிப்பிடித்தபோது நான் "மன்னி, தகர்த்தாச்சு" என்று சொல்லப்போய், கரண்டியை ஓங்கிக்கொண்டு வந்தாய்.

ஊரே அந்தப் போட்டியின் கடைசிச் சுற்றுக்காகக் காத்துக் கிடக்கும். நீ மட்டும் ஆடிஷன் முடிந்ததும் டி.வி.யை மறந்துவிடுவாய். "இனிமே எல்லாரும் நன்னாப் பாடுவா. அதை எதுக்கு ஒக்காந்து பாக்கணும்?" என்பாய். சுருதியை வீட்டில் வைத்துவிட்டு வந்தவர்கள்தான் உனக்கு வேண்டியவர்கள். அவர்களில் எத்தனை தினுசு! வார்த்தை மறந்துபோய் நடுவில் 'ம்ம்ம்' போட்டு ஒப்பேற்றுகிறவர்கள். பாடகருக்கு உண்டான கையசைப்பு, தலையாட்டல், இருமல் எல்லாம் கச்சிதமாக இருந்து, பாட்டு மட்டும் வராதவர்கள். கூட வந்த புருஷன் வாசல் கதவுக்குப் பின்னால் நின்று வாயசைப்பது தெரியாமல் தைரியமாகப் பாடுகிறவர்கள். இவர்களெல்லாம் பாட வாயைத் திறப்பதற்கு முன் ஒரு மூச்சு இழுப்பார்களே, அந்த நேரத்தில் நீ என் முழங்கையைப் பிடித்துக்கொள்வாய். நன்றாகப் பாடுகிறவர்களுக்கு நீ ஒருநாளும் அப்படிப் பிடித்ததில்லை.

நாம் சிரித்தோம், இல்லை என்று சொல்லமாட்டேன். வயிற்றைப் பிடித்துக்கொண்டு, கண்ணில் ஜலம் வரச் சிரித்தோம். ஆனால் ஒருவன் தப்பாகப் பாடும்போது 'டொய்ங்' என்று ஒரு சத்தம் சேர்ப்பார்களே, அது மட்டும் உனக்கு ஆகாது. "சிரிக்கத் தெரியாதா நமக்கு? அவா வேற மணி அடிச்சுச் சொல்லணுமா?" என்று சத்தத்தைக் குறைத்துவிடுவாய். சத்தமே இல்லாமல் ஒருவன் வாயைத் திறந்து திறந்து மூடுவதைக்கூட விடாமல் பார்ப்பாய். எழுந்து போவது அண்ணாதான். அண்ணாவின் காது அப்படி. கச்சேரியில் வித்வான் சுருதியில் கொஞ்சம் இறங்கினால் இவருக்குப் பல் கூசும். உறவுக்காரர் வீட்டுக் கல்யாணத்தில் நாதஸ்வரம் சரியில்லை என்று சாப்பிடாமல் திரும்பியவர். நாம் டி.வி.யைப் போட்டதும் பேப்பரை எடுத்துக்கொண்டு முன்னறைக்குப் போய் ஃபேனை வேகமாக வைத்துக்கொள்வார்.

உனக்கு இது என்ன ருசி என்று எனக்கு ரொம்ப நாள் புரியவில்லை. ஆடிஷனுக்கு அந்த நெய்யாற்றின்கரைக்காரி வந்த அன்றைக்குத்தான் புரிந்தது.

அவளுக்கு உன் வயதிருக்கும். ஜரிகைக் கரை போட்ட நல்ல கசவுப் புடவை, தலை நிறையப் பிச்சிப்பூ. பாட்டு கண்ட இடத்துக்கெல்லாம் போயிற்று. நடுவர்கள் மேஜைக்குக் கீழே தலையை விட்டுச் சிரித்தார்கள். அப்புறம் ஒருவர் முகத்தைச் சரிசெய்துகொண்டு, "சேச்சி, யார் சொல்லி வந்தீர்கள்?" என்று கேட்டார். "ஆரும் பறஞ்ஞில்லா. எனிக்குத் தோணி, பாடி" என்றாள் அவள். யாரும் சொல்லவில்லை, எனக்குத் தோன்றிற்று, பாடினேன். கையைக் கூப்பிவிட்டு, நிமிர்ந்து நடந்து போனாள்.

நான் சிரித்துக்கொண்டிருந்தேன். நீ சிரிக்கவில்லை. முன்னறையைப் பார்த்துக் கூப்பிட்டாய்.

"ஏன்னா, இங்கே வாங்கோ. ஒண்ணு கேக்கணும்."

அண்ணா வந்து நின்றார், கையில் பேப்பரோடு.

"என்னைப் பொண் பாக்க வந்தேளே, அன்னிக்கு நான் பாடினதைக் கேட்டேள். இத்தனை சங்கீதம் தெரிஞ்சவர், எதுக்கு சரின்னு சொன்னேள்? பாவம் பாத்தா?"

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. அந்தப் பெண் பார்க்கும் சடங்குக்கு நானும் வந்திருந்தேன், சொஜ்ஜி பஜ்ஜிக்காக. உன் பாட்டு எனக்கு ஞாபகமில்லை. பாட்டு முடிந்ததும் எல்லாரும் ஜமுக்காளத்தைப் பார்த்துக்கொண்டிருந்தது ஞாபகமிருக்கிறது. திரும்பி வரும்போது பஸ்ஸில் அம்மா சொன்னதும் ஞாபகமிருக்கிறது. "தஞ்சாவூர்ப் பொண்ணாச்சே, பாட்டைக் கேக்கணுமான்னு நெனச்சேன். கேக்காமலே இருந்திருக்கலாம்." அந்த வாக்கியம் எப்படியோ உன் காதுக்கும் வந்து சேர்ந்திருக்கிறது. இந்த வீட்டில் ஒரு நவராத்திரிக்குக்கூட நீ பாடியதில்லை. வந்தவர்கள் "மாமி, ஒரு பாட்டு" என்று தொடங்கும்போதே சுண்டல் தாளிக்க உள்ளே போய்விடுவாய். அடக்கம் என்று எல்லாரும் நினைத்தோம். ஆடிஷனில் தோற்றவள், யாரோ இரக்கப்பட்டு உள்ளே விட்டதால் குடித்தனம் நடத்துகிறவள் என்ற எண்ணத்தோடு ஏறக்குறைய முப்பது வருஷம் நீ இருந்திருக்கிறாய். அது எனக்குத் தெரியவில்லை, மன்னி. பக்கத்திலேயே உட்கார்ந்து அப்பளம் தின்றுகொண்டிருந்த எனக்குத் தெரியவில்லை.

அண்ணா பேப்பரை மடித்தார். அவர் எதையும் உடனே சொல்கிற ரகமில்லை.

"நீ பாடினது மோகனம். மோகன ராகத்துல மத்யமம், அந்த 'ம'ங்கற ஸ்வரமே கிடையாது, அறியுமோ?"

"பாட்டு வாத்தியார் தலையில அடிச்சுண்டு சொன்னார். எனக்குத் தெரிஞ்சு என்ன பிரயோஜனம், தொண்டைக்குத் தெரியலையே."

"ரெண்டாவது வரியில நீ மத்யமத்தைப் பிடிச்சே. சரி, பயத்துல கால் தவறிடுத்துன்னு நெனச்சேன். திருப்பிப் பாடினப்போ அதே எடத்துல அதே மத்யமம். முடிக்கறப்போ மறுபடியும் அதே."

சொல்லிவிட்டு அவர் பாடினார். தப்பு ஸ்வரம் கேட்டால் சாப்பாட்டை விட்டு எழுந்து வருகிற மனுஷர், கூடத்தின் நடுவில் நின்றுகொண்டு அந்த வரியைப் பாடினார். அந்த மத்யமம், அதற்கு முன்னால் ஒரு தயக்கம், வார்த்தையின் பாதியில் நீ மூச்சு விட்ட இடம், ஒன்றுகூடப் பிசகவில்லை.

"அதுக்கு முன்னாடி பாத்த பொண்களெல்லாம் ஒழுங்காத்தான் பாடினா. ஒருத்தி பாட்டாவது நெனவிருக்கா? இல்லை. உன்னுது அன்னிக்குப் பஸ்ஸுலேயே தொடங்கியாச்சு. ஊர் வந்தும் போகலை. வேற பொண்ணு பாக்கலாம்னு அம்மா சொல்றா, எனக்கு உள்ளே இது ஓடறது. பாவமும் இல்லை, புண்ணியமும் இல்லை. எனக்கு அது வேணும்னு தோணித்து, அத்தனையே."

நீ அண்ணாவின் பக்கம் நன்றாகத் திரும்பி உட்கார்ந்தாய். "தெனம் கார்த்தால பல் தேய்க்கறச்சே ஏதோ முனகறேளே..."

"பின்னே அது ஆரோட பாட்டாக்கும்?"

நீ அழப்போகிறாய் என்று நினைத்தேன். கண் நிறைந்தும் விட்டது. ஆனால் வந்தது சண்டை. "இதை அன்னிக்கே சொல்றதுக்கு என்ன வாய் வலிச்சுதா? இத்தனை நவராத்திரியும் சுண்டல் தாளிச்சே கழிச்சுட்டேனே!" என்று கத்தினாய். "நீ கேக்கலையே" என்றார் அண்ணா, நிஜமாகவே புரியாமல். அன்றைக்கு உன்னைப் பார்க்க எனக்கு எவ்வளவு சந்தோஷமாக இருந்தது தெரியுமா? புது மாட்டுப்பெண் போல முகம் சிவந்திருந்தாய், உனக்கு நரை தட்டியிருந்த வயதில்.

அந்த வருஷக் கொலுவில் நீ பாடினாய். யாரும் கேட்கவில்லை, நீயே தொடங்கினாய். பக்கத்து வீட்டு மாமி வெற்றிலையை வாய்க்குக் கொண்டுபோன கையை அப்படியே நிறுத்தினாள். குழந்தைகள் ஒன்றையொன்று கிள்ளிக்கொண்டன. நீ பாதியில் சிரித்துவிட்டு, அவர்களையும் சிரிக்கவிட்டு, விட்ட இடத்திலிருந்து பாடி முடித்தாய். அதன் பிறகு ஒவ்வொரு வருஷமும் பாடினாய். துளிகூடத் தேறவில்லை.

நீ கண்ணை மூடி, வருஷாப்திகமும் முடிந்து, இந்த நவராத்திரிக்குத்தான் மறுபடி கொலு வைத்தோம். மூன்றாம் வீட்டுக்குப் புதிதாகக் குடிவந்திருக்கும் பெண் வந்தாள். முறையாகப் பாட்டு கற்றவள். "என்ன பாடட்டும்?" என்று கேட்டுவிட்டு அவளாகவே எடுத்தது உன் பாட்டு. பாட்டு படிக்கிற எல்லாரும் பாடுவதுதானே. நல்ல குரல், சுத்தமான மோகனம். அண்ணா முன்னறையில் கண்ணை மூடிக் கேட்டுக்கொண்டிருந்தார். அவள் வெற்றிலைபாக்கு வாங்கிக்கொண்டு படியிறங்கியதும் என்னைக் கூப்பிட்டார்.

"நன்னாத்தான் பாடறா. ஆனா மத்யமத்தை முழுங்கிட்டாளே."

சொன்ன பிறகுதான் என்ன சொன்னோம் என்று அவருக்கே உறைத்தது. என்னைப் பார்த்தார். இரண்டு பேரும் சிரித்தோம். சிரிப்பு அடங்கியதும், "நீ பாடேன்" என்றார்.

நான் எங்கே பாடியிருக்கிறேன்? ஆனாலும் பாடினேன், மன்னி, சுண்டல் கரண்டியைக் கையில் வைத்துக்கொண்டே. இரண்டாவது வரியில் அந்த மத்யமம் தானாக வந்து தன் இடத்தில் உட்கார்ந்தது. மூச்சு கூட நீ விடுகிற இடத்தில்தான் விட்டேன். அண்ணா தொடையில் தாளம் போட்டுக்கொண்டு, தலையை ஆட்டிக்கொண்டு கேட்டார். "அதாக்கும்" என்றார்.

அந்தப் பாட்டை எனக்குச் சரியாகப் பாடத் தெரியாது. கற்றுக்கொள்கிற உத்தேசமும் இல்லை.