பட்டியலில் என் பெயர்

டீச்சரம்மா,

சாப்பாடு மேசைமேல் மூடியிருக்கிறது. பதினோரு மணிக்கு பிளம்பர் வருவார். குளியலறைக் குழாயைக் காட்டு.

நேற்று கேட்டாயே, “ரூல் போட்டது நீங்களா? வர்ற பதவிய வாங்கிக்கிட்டு வாய மூடிட்டு இருங்களேன்” என்று. நான் போடவில்லைதான். ஆனால் எங்கள் ஆபீஸில் என்னைவிட மூன்று மாதம் சீனியரான டைப்பிஸ்ட் அம்மாவின் பிரசவ விடுப்பைப் பணிக்காலத்திலிருந்து கழித்துவிட்டுத்தான் பதவி உயர்வுப் பட்டியலில் என்னை மேலே ஏற்றியிருக்கிறார்கள். நம் மகள் பிறந்தபோது நீ எடுத்த விடுப்பையும் இப்படித்தான் கழித்தார்கள். தலைமையாசிரியை பதவி கைநழுவிப் போய், ஒரு வாரம் நீ சரியாகச் சாப்பிடவில்லை.

பட்டியலைத் திருத்தச் சொல்லும் மனுவைக் கொடுக்கவே கூடாது என்றாய். நாம் சண்டை போடுவதற்கு முன்பே, நேற்று மதியமே கொடுத்துவிட்டேன். உன் முகத்தைப் பார்த்துச் சொல்லத்தான் தைரியம் வரவில்லை.

பி.கு.: போனில் திட்டாதே. சீக்கிரம் வந்துவிடுகிறேன், நேரிலேயே திட்டு.