பிழைவிடு: ஓர் எடுத்துக்காட்டு

அன்புள்ள மருமகளே,

மூவுலகிலும் ஒருவர்கூட நம்பாத கதையைச் சத்தியம் செய்து சொல்கிறேன், கேள்.

அகராதி வேலையில் உன் அத்தை கையெழுத்துப் பிரதியை உரக்கப் படிப்பாள். நான் புரூஃபைத் திருத்துவேன். நேற்று 'பிழைவிடு' வந்தது. "எழுதும்போது தவறு செய்" என்று பொருளைப் படித்தவள், எடுத்துக்காட்டாகத் தாளில் இல்லாததைப் படித்தாள்: "என் வீட்டுக்காரர் பிழைவிடவே மாட்டார்."

நான் சிரித்த சிரிப்பில் கூரை பறந்தது. மேகம் ஒன்று இறங்கிவந்து மேசையில் உட்கார்ந்தது.

"சிரிக்காதீங்க சார். அவரு நாற்காலியில உக்காந்திருக்கீங்களே, வந்தா திட்டுவாரு."

"அவர் வர நேரமாகும்மா, நீங்க படிங்க" என்றேன். ஆயிரம் யானை பலத்தைத் திரட்டி ஒரு காற்புள்ளி போட்டேன்.

நீ லீவு போட்டு வர வேண்டாம். அத்தையின் மறதிக்கு டாக்டரே கையை விரித்துவிட்டார்.

கூரை, மேகம், யானை எல்லாம் புளுகு. அவள் என்னை 'சார்' என்றது மட்டும் நிஜம்.

இப்படிக்கு,
உன் புளுகுணி மாமா