முதுகு வலி திரும்பி வந்த சாயங்காலம்

அக்கா,

நேற்றுப் பக்கத்து வீட்டுக்காரர் ஆஸ்பத்திரியிலிருந்து வந்தார் என்று பார்க்கப் போனேன். மனுஷனைப் படுக்கப்போட்டு, சுற்றிலும் சொந்தக்காரர்கள். தலைமாட்டில் நோயாளியைப் பார்க்க வந்தவர்கள் வாங்கி வந்த மைலோ சத்துமாவு டின்கள். தண்ணீர் குடிக்க அவர் எழுந்தால்கூட நாலு பேர் "படுங்க, படுங்க" என்று பாய்கிறார்கள். எனக்கு உங்கள் ஞாபகம் வந்துவிட்டது. சிரிப்பை அடக்க முடியாமல் பாதியிலேயே கிளம்பி வந்துவிட்டேன். என்னைப் பற்றி என்ன நினைத்தார்களோ!

நம் ஈப்போ அலங்காரக் கடையில் மணப்பெண்ணின் முகமும் தலையும் உங்கள் பொறுப்பு, சேலைக்கட்டு என் பொறுப்பு. முதுகு வலி முற்றிப்போய், ஒரு பெண்ணுக்குக் கண்மை தீட்டி முடிப்பதற்குள் நீங்கள் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்ற காலம் ஒன்று இருந்ததே, அப்போது மாத்திரை, தைலம், உருவிவிடுவது எதற்கும் அது மசியவில்லை. "கை ரெண்டும் நல்லாத்தான்டி இருக்கு. இடுப்பு ஒத்துழைக்கலன்னா கடைய விட்டுட்டுப் போவ வேண்டியதுதான்" என்று சொல்லிவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டீர்கள். அந்த வேலைதான் உங்களுக்கு உயிர். எனக்குப் பயமாக இருந்தது.

ஆஸ்பத்திரியின் வலி கிளினிக்கில் அந்தச் சின்ன வயது டாக்டரம்மா பொறுமையாக விளக்கினார். முதுகெலும்பு மூட்டுகளிலிருந்து வலியைக் கொண்டுபோகிற சின்னச் சின்ன நரம்புகள் இருக்கின்றனவாம். ஊசி வழியாகச் சூடு கொடுத்து அவற்றைச் செயலிழக்க வைக்கலாமாம்.

"மாட்டுக்குச் சூடு வெக்கிற மாதிரியா டாக்டர்?" என்று நீங்கள் கேட்டதும் அவர் விழுந்து விழுந்து சிரித்தார்.

ஆனால் முதலில் ஒரு சோதனை. அந்த இடத்தில் மரத்துப்போகிற மருந்தைப் போடுவார்கள். சில மணி நேரம் வலி அடங்கி, மருந்து தெளிந்ததும் திரும்பி வந்தால், குற்றவாளி அந்த நரம்புதான். "எது செஞ்சா வலிக்குமோ, அதையெல்லாம் அன்னிக்குச் செஞ்சு பாத்துட்டு வந்து சொல்லுங்க" என்றார்.

ஊசி போட்டுக்கொண்டு வீட்டுக்குப் போனீர்கள். பீடோர் பக்கம் நீங்கள் பிறந்த ரப்பர் எஸ்டேட்டு எப்போதோ தாமான் குடியிருப்பு வீடுகளாக மாறிவிட்டது. ஆனால் வரிசை வீடுகளில் ஒன்றாய் வளர்ந்த லயத்துச் சனம் மாறுமா? மைலோவும் கையுமாக வேன் பிடித்து வந்து இறங்கிவிட்டார்கள். "ஆஸ்பத்திரிக்குப் போய் வந்த உடம்பு, அசையக் கூடாதுலா!" உங்கள் காலைக்கூட அவர்களே தூக்கித் தலையணைமேல் வைத்தார்கள்.

"வலியே இல்ல டாக்டர், சூப்பர்!" என்றீர்கள் அடுத்த முறை.

"என்னென்ன செஞ்சீங்க?"

"படுத்திருந்தேன்."

டாக்டர் என்னைப் பார்த்தார். நான் கூரையைப் பார்த்தேன். இன்னொரு நாள் குறித்துக் கொடுத்தார்.

இந்த முறை யாரிடமும் மூச்சு விடவில்லை. ஊசி போட்டதும் ஆஸ்பத்திரியிலிருந்து நேராகக் கடைக்குக் காரை விட்டேன். அன்றைக்கென்று பார்த்து ஒரு மணப்பெண்கூட இல்லை. நீங்கள் என்னைப் பிடித்து நாற்காலியில் உட்கார வைத்தீர்கள்.

"ஐயோ அக்கா, அம்பது வயசுல எனக்கென்ன அலங்காரம்!"

"வாய மூடு. லிப்ஸ்டிக் கோணிக்கும்."

எனக்குக் கல்யாணம் அமையவில்லை. அதைப் பற்றி நாம் பேசியதும் இல்லை. நெற்றிச்சுட்டி, ஜடை, பூ என்று ஒன்றையும் விடாமல், குனிந்தும் வளைந்தும் சுற்றிச் சுற்றி வந்து செய்தீர்கள். முகத்தில் ஒரு சுளிப்பு இல்லை. எட்டிப் பார்த்த பூக்கடைக்காரம்மா, "அடி ஆத்தி! மாப்பிள்ள யாருலா?" என்று அலற, "அது ரகசியம்" என்று கண்ணடித்தீர்கள். அந்த வதந்தியை அடக்க நான் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும்!

எல்லாம் முடிந்து தள்ளி நின்று பார்த்தீர்கள். "எத்தன பேருக்குச் செஞ்சிருக்கேன். அழகா இருக்கடி நீ" என்றீர்கள். எங்கே பார்ப்பதென்று எனக்குத் தெரியவில்லை.

சாயங்காலம் தேத்தண்ணி குடித்துக்கொண்டிருந்த நீங்கள் திடுக்கென்று எழுந்தீர்கள். "வலிக்குதுடி! அதே இடம்! ஐயோ, நல்லா வலிக்குதுடி!" நான் அத்தனை நகையோடும் உங்களைக் கட்டிக்கொண்டு குதித்தேன். வலி வந்ததற்காக ஆடிய பெண்களை அந்தத் தெரு அதற்கு முன் பார்த்திருக்காது.

பிறகு சூடு கொடுத்தார்கள். சில வாரங்களில் சுவரை விட்டீர்கள். நரம்பு மறுபடி வளரலாம், வலி திரும்பலாம் என்று டாக்டர் சொன்னதற்கு, "வந்தா மறுபடி சுட்டுட்டாப் போச்சு" என்றீர்கள். வந்தது, சுட்டுக்கொண்டீர்கள். தாப்பாவில் ஒரு பெண்ணை அலங்கரித்துவிட்டு வந்த வாரம்தான் நெஞ்சு வலி என்று சொல்லி ஒரேயடியாகப் போய்விட்டீர்கள். கடைசிவரை உங்கள் கையில் பிரஷ் இருந்தது. அதில் எனக்குச் சந்தோஷம்தான்.

இப்போது முகமும் நான்தான் செய்கிறேன். கண்மை இன்னும் உங்கள் அளவுக்கு வரவில்லை. நாற்காலியில் உட்காரும் பெண்கள் சும்மா இருப்பார்களா? "ஆன்ட்டி, நீங்க கல்யாணக் கோலத்துல எப்படி இருந்தீங்க?" என்று கேட்பார்கள். "அழகா இருந்தேன்னு ஒருத்தங்க சொன்னாங்க" என்பேன். சொல்லும்போது உள்ளே ஓரிடத்தில் சுருக்கென்று வலிக்கும், அக்கா. அந்த ஒரு நரம்பு அப்படியே இருக்கட்டும். அதை நான் எந்த டாக்டரிடமும் காட்டப்போவதில்லை.